மூன்று குவியல், ஏழு நடுவர்

படகு கரை தட்டியதும் சிப்பிக் கூடைகள் நேரே கொட்டுக்குப் போகும். கொட்டு என்பது வேலியடைத்த பெரிய கொட்டகை. உள்ளே தரையைக் கட்டம் கட்டமாகப் பிரித்து எண் போட்டிருப்பார்கள், படகுக்கு ஒரு கட்டம். படகின் ஆட்கள் தாங்கள் எடுத்துவந்த சிப்பியைத் தாங்களே அங்கே மூன்று குவியலாகப் பங்கு வைப்பார்கள். எந்தக் குவியல் யாருக்கு என்று சொல்வது மட்டும் அவர்கள் கையில் இல்லை. அதைச் சொல்லப் போகிறவர் சர்க்கார் அதிகாரி. இரண்டு குவியல் அரசுக்கு, ஒன்று குளித்தவர்களுக்கு.

மன்னார் வளைகுடாவின் இரு கரையிலும், அதாவது இந்தப் பக்கம் தூத்துக்குடியிலும் அந்தப் பக்கம் இலங்கையின் மரிச்சுக்கட்டியிலும், 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் கூடிய முத்துச் சலாபங்களில் (அரசு கூட்டிய முத்துக்குளிப்புகளில்) பங்கு இப்படித்தான் பிரிந்தது. அதற்கு முந்தைய தலைமுறையில் இலங்கைக் கரையில் குவியல் நான்கு. குளித்தவருக்குக் கிடைத்தது நான்கில் ஒன்று. பங்கின் அளவு மாறினாலும் முறை மாறவில்லை. பிரிப்பவன் எடுக்கக்கூடாது, எடுப்பவன் பிரிக்கக்கூடாது. முதலூர் மஸ்கோத் அல்வாவை இரண்டு பிள்ளைகளுக்குப் பங்கு வைக்கிற எந்தத் தாய்க்கும் இந்த விதி தெரியும். ஒருவன் வெட்ட வேண்டும், மற்றவன் முதலில் எடுக்க வேண்டும். வெட்டுகிறவன் நல்லவனா கெட்டவனா என்ற விசாரணையே அதற்குப் பிறகு தேவைப்படாது.

டைவிங் போட்டிகளில் நடுவர்களின் நேர்மை பற்றிக் கொஞ்ச காலமாகப் படித்துவருகிறேன். படிக்கப் படிக்க இந்த மூன்று குவியல் குறுக்கே வந்துகொண்டே இருந்தது. நீச்சல் குளத்து விளையாட்டையும் வயிற்றுப்பாட்டுக்காகக் கடலில் மூழ்கியதையும் ஒரே தட்டில் வைக்கலாமா என்று கேட்பீர்கள். வைக்க முடியாதுதான். ஆனால் இரண்டு இடத்திலும் ஒருவர் தண்ணீருக்குள் போகிறார், அவர் செய்ததன் மதிப்பை மேலே உலர்ந்த தரையில் இருக்கும் இன்னொருவர் சொல்கிறார். அந்த இன்னொருவரை எப்படிக் கட்டுப்படுத்துவது என்ற கேள்விக்குக் குளத்துக்காரர்கள் ஒரு விடை வைத்திருக்கிறார்கள், முத்துக்கரைக்காரர்கள் வேறொரு விடை வைத்திருந்தார்கள். இரண்டிலும் ஓட்டை உண்டு. ஓட்டைகள் ஒரே இடத்தில் இல்லை என்பதுதான் என்னை எழுதவைத்தது.

முதலில் குளம். உலக நீர்விளையாட்டுக் கூட்டமைப்பின் விதிப்படி தனிநபர் போட்டிக்கு ஏழு நடுவர்கள். ஒவ்வொருவரும் பூஜ்யம் முதல் பத்து வரை, அரை அரைப் புள்ளியாக மதிப்பெண் போடுவார்கள். ஓடிவந்த விதம், எழும்பிய உயரம், காற்றில் உடல் நின்ற ஒழுங்கு, தண்ணீரில் நுழைந்த செங்குத்து எல்லாம் சேர்ந்து அந்த ஒரே எண்ணுக்குள் அடங்க வேண்டும். இப்போதைய விதியில் மேலே இரண்டு மதிப்பெண்ணையும் கீழே இரண்டையும் தள்ளிவிட்டு, நடுவில் நிற்கும் மூன்றைக் கூட்டி, அந்தப் பாய்ச்சலின் கடினத்தன்மை எண்ணால் பெருக்குகிறார்கள். கடினத்தன்மை எண்ணில் நடுவருக்கு வேலையில்லை. எத்தனை குட்டிக்கரணம், எத்தனை முறுக்கு, உடலை எப்படி மடக்குவது, எந்த உயரத்திலிருந்து என்பதையெல்லாம் வைத்து வாய்பாட்டில் முன்கூட்டியே கணக்கிட்டது அது.

2000ஆம் ஆண்டு சிட்னி ஒலிம்பிக்கில் ஆண்களுக்கான 3 மீட்டர் ஸ்பிரிங்போர்டு போட்டியில் சீனாவின் சியோங் நி 708.72 புள்ளி எடுத்துத் தங்கம் வென்றார். மெக்சிகோவின் ஃபெர்னாண்டோ பிளாட்டாஸ் எடுத்தது 708.42. வித்தியாசம் 0.30. இதே சியோங் நி 1988 சியோல் ஒலிம்பிக்கில் பதினான்கு வயதுப் பையன். 10 மீட்டர் மேடையில் அமெரிக்காவின் கிரெக் லூகானிஸிடம் 1.14 புள்ளியில் தங்கத்தைத் தவறவிட்டார். நடுவர்கள் லூகானிஸின் பெயருக்கு மதிப்பெண் போட்டார்கள் என்ற பேச்சு அன்றே எழுந்தது. பன்னிரண்டு வருடம் கழித்து அதைவிடச் சின்ன இடைவெளி அவர் பக்கம் சாய்ந்தது.

இந்த 0.30 எவ்வளவு சின்னது என்று பார்க்கலாம். சிட்னியில் இருந்தது பழைய விதி: ஏழில் உச்சம் ஒன்றும் கடைசி ஒன்றும் தள்ளுபடி, மீதி ஐந்தின் சராசரியை மூன்றால் பெருக்கி, அதைக் கடினத்தன்மையால் பெருக்க வேண்டும். கடினத்தன்மை 3.0 உள்ள ஒரு பாய்ச்சலில், கணக்கில் சேரும் ஒரே ஒரு நடுவர் அரைப் புள்ளி கூட்டிப் போட்டால் மொத்தத்தில் 0.9 ஏறும். அதாவது பல சுற்றுகளாகப் போட்ட மதிப்பெண்களில் ஒன்றே ஒன்றில், யாருடைய மனமோ அரைப் புள்ளி இளகியிருந்தால் போதும். பதக்கத்தின் நிறம் மாறிவிடும்.

அப்படி மனம் இளகுமா? யேல் பல்கலைக்கழகத்தின் ஜான் எமர்சன், மிக்கி செல்ட்ஸர், டேவிட் லின் மூவரும் சிட்னி டைவிங் போட்டிகளின் பத்தாயிரத்துக்கு மேற்பட்ட மதிப்பெண்களை எடுத்து ஆராய்ந்தார்கள். கட்டுரை 2009-ல் வெளிவந்தது. நடுவர்கள் மொத்தம் 25 பேர். ஒரு நடுவர் தன் நாட்டு வீரருக்குப் போட்ட மதிப்பெண் சக நடுவர்களின் மதிப்பெண்ணிலிருந்து எவ்வளவு விலகுகிறது, அதே நடுவர் மற்ற நாட்டாருக்குப் போடும்போது எவ்வளவு விலகுகிறது என்று ஒப்பிட்டார்கள். தன் நாட்டார் பக்கம் சாய்வு இருப்பது தெளிவாகத் தெரிந்தது. ஒருவர் இருவரிடம் அல்ல, பலரிடம் தெரிந்தது. இவர்கள் காசு வாங்கிய ஆட்களாக இருக்க வேண்டியதில்லை. தன் ஊர்ப் பையன் நன்றாகக் குதிக்க வேண்டும் என்று ஆசைப்படும் கண்ணுக்கு அவன் நன்றாகக் குதித்ததுபோலவே தெரியும். நம் வீட்டுப் பிள்ளை பள்ளி ஆண்டு விழாவில் ஆடும்போது நமக்குத் தெரிவதைப் போல.

உச்சத்தையும் கடைசியையும் தள்ளிவிடுகிறோமே, சாய்வு அதோடு போய்விடாதா என்று கேட்கத் தோன்றும். நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன். ஒருநாள் தாளில் போட்டுப் பார்த்தேன். ஏழு நடுவர்களின் மதிப்பெண் 6.5, 7, 7, 7.5, 7.5, 8, 8 என்று வைத்துக்கொள்வோம். பழைய விதியில் 6.5-ம் ஒரு 8-ம் போக மீதிக் கூட்டல் 37. இப்போது 7 போட்டிருக்க வேண்டிய ஒருவர், தன் நாட்டு வீரர் என்பதால் 9 போடுகிறார். 9 உச்சம், அதனால் தள்ளுபடி. அவருடைய கை வெளிப்படையாக வெட்டப்பட்டுவிட்டது. ஆனால் முன்பு தள்ளுபடியான 8 இப்போது உள்ளே வந்துவிடுகிறது, ஒரு 7 காணாமல் போய்விடுகிறது. கூட்டல் 38. கடினத்தன்மை 3.0 என்றால் 1.8 புள்ளி லாபம். சிட்னி வித்தியாசத்தைப் போல ஆறு மடங்கு. இரண்டிரண்டு தள்ளும் புதிய விதியிலும் இதே எண்களைப் போட்டுப் பாருங்கள்: 22 என்பது 23 ஆகிறது, லாபம் 3.0 புள்ளி. பொய் சொன்னவரின் மதிப்பெண் பலகையிலிருந்து அழிந்துவிடுகிறது; அவர் நகர்த்திய இடம் நகர்ந்தபடியே இருக்கிறது.

குவியல் முறையில் இந்த வித்தை பலிக்காது. பங்கு வைப்பவர் ஒரு குவியலில் பெரிய சிப்பியாக ஒதுக்கிவைத்தால் அதிகாரி அதைத்தான் எடுத்துக்கொள்வார். ஏமாற்றியவன் தலையிலேயே ஏமாற்று வந்து விடியும். குளத்தில் சாய்ந்த மனதின் விளைவைச் சராசரியில் கரைக்கப் பார்க்கிறார்கள். கொட்டில் சாய்ந்த மனதுக்கு லாபமே இல்லாமல் செய்துவிட்டார்கள். பொருளாதாரம் படித்தவர்கள் இதைப் பற்றிப் புத்தகம் புத்தகமாக எழுதியிருக்கிறார்கள். படகிலிருந்து கூடை இறக்கியவர்களுக்கு அந்தப் புத்தகம் தேவைப்படவில்லை.

இந்த முறை ஓடியதற்கு இன்னொரு காரணமும் உண்டு, எனக்கு அதுதான் இன்னும் ருசியானது. சிப்பி மூடியிருக்கிறது. பங்கு வைப்பவருக்கும் தெரியாது, எடுப்பவருக்கும் தெரியாது, உள்ளே என்ன இருக்கிறது என்று. முத்து இருக்கும் சிப்பியே குறைவு. விலைபோகும் முத்து உள்ளது அதனினும் குறைவு. ஒரு சிப்பியை எடுத்தால் அது லாட்டரிச் சீட்டு. ஆயிரக்கணக்கில் குவித்துவைத்தால் அதிர்ஷ்டம் எல்லாக் குவியலிலும் ஏறக்குறைய ஒரே அளவாகப் பரவிவிடும். ஜான் ரால்ஸ் என்ற தத்துவப் பேராசிரியர் 1971-ல் எழுதிய நூலில், தான் யாராகப் பிறப்போம் என்று தெரியாத திரைக்குப் பின்னால் நின்று விதி வகுத்தால்தான் விதி நியாயமாக இருக்கும் என்றார். திரை வேண்டுமென்று அவர் கற்பனை செய்தார். இந்தக் கரையில் திரையைக் கடலே செய்து அனுப்பியது, இரண்டு ஓடாக.

ஆகவே சலாபத்தில் பெரிய குற்றம் எது என்று யோசித்தால் விடை எளிது. கடலிலேயே சிப்பியைத் திறப்பது. திறந்தவனுக்குத் தெரிந்துவிடும், மற்றவருக்குத் தெரியாது. கரை வந்து சேரும் வழியில் நகத்தால் ஓட்டை நெம்பி, முத்தை வாயிலோ துணி மடிப்பிலோ ஒளித்துவைப்பது பற்றிய புகார் சலாபம் பற்றி எழுதிய அதிகாரிகள் பலரிடமும் உண்டு. அதைத் தடுக்கக் காவல் படகு, காவலாள், சோதனை எல்லாம் வைத்தார்கள். அந்தப் பக்கங்களைப் படிக்கும்போது குளித்தவர்கள் எல்லாருமே திருடர்கள் என்ற நினைப்பு எழுதியவரின் பேனாவில் ஒட்டியிருப்பது தெரியும். மூன்றில் இரண்டை எடுத்துக்கொண்டு போகிறவர் மூன்றில் ஒன்று வாங்குகிறவனைச் சோதனை போடுகிறார். சோதனை தேவைதான், ஆனால் ஒரு பக்கம் மட்டும் நடந்தது.

மூடிய சிப்பிக்கு நேரெதிராக, டைவிங் நடுவர் முன்னால் எல்லாம் திறந்தே கிடக்கிறது. குதிக்கப்போகிறவரின் பெயர், நாடு, போன ஒலிம்பிக்கில் வாங்கிய பதக்கம், எடுக்கப்போகும் பாய்ச்சலின் எண், அதன் கடினத்தன்மை அத்தனையும் அறிவிப்பாளர் சொல்லிவிடுவார். கடினத்தன்மையை மனதில் வைக்காமல், பாய்ந்த அழகை மட்டும் பார்த்துப் புள்ளி போடு என்பது விதி. ஜிம்னாஸ்டிக்ஸில் ஹிலாரி மார்கனும் கர்ட் ராட்ஹாஃபும் 2014-ல் வெளியிட்ட ஆய்வு, கடினமானதை முயல்கிறவருக்குச் செய்நேர்த்திப் புள்ளியும் சேர்ந்தே ஏறுகிறது என்று காட்டியது. கடினத்தன்மைக்கு ஏற்கெனவே தனியாகக் கூலி உண்டு; நடுவர் தெரியாமலே இரண்டாம் தடவையும் கொடுத்துவிடுகிறார். தெரிந்திருப்பதை மனதிலிருந்து அழி என்று ஒரு மனிதனுக்குச் சொல்வது, திறந்த சிப்பியை மூடு என்று சொல்வதுபோலத்தான்.

நடுவர் பெயரை மறைத்தால்? அதையும் முயன்று பார்த்திருக்கிறார்கள். 2002 சால்ட் லேக் சிட்டி குளிர்கால ஒலிம்பிக்கில் ஜோடி ஸ்கேட்டிங் போட்டியில், பிரெஞ்சு நடுவர் ஒருவர் நெருக்குதலுக்குப் பணிந்து புள்ளி போட்டதாகச் சொல்லப்பட்டு, கடைசியில் இரண்டு ஜோடிக்கும் தங்கம் கொடுக்க வேண்டிவந்தது. அதன்பின் எந்த நடுவர் எந்தப் புள்ளி போட்டார் என்பதை வெளியே சொல்லாமல் மறைத்தார்கள். மறைத்தால் நெருக்குபவர்களுக்குப் பலன் தெரியாது என்பது வாதம். பொருளியலாளர் எரிக் ஸிட்ஸவிட்ஸ் ஆராய்ந்தபோது சொந்த நாட்டுச் சாய்வு குறையவில்லை, கூடியிருந்தது. 2016-ல் அந்த மறைப்பைக் கைவிட்டார்கள். கொட்டில் பங்கு பிரித்தது பட்டப்பகலில், படகுக்காரர், கயிறு பிடித்தவர், குளித்தவர், அதிகாரி, கணக்கெழுதுபவர் எல்லார் கண்ணெதிரிலும். 1906-ல் மரிச்சுக்கட்டிச் சலாபத்தில் இளம் அதிகாரியாக வேலை பார்த்த லெனார்ட் வுல்ஃப் (பின்னாளில் எழுத்தாளர், வர்ஜீனியா வுல்ஃபின் கணவர்) தன் வாழ்க்கை வரலாற்றில் அந்த நாட்களைப் பற்றி எழுதியிருக்கிறார். பல்லாயிரம் பேர் கூடிய முகாமை வெள்ளை அதிகாரிகள் சிலரே நடத்திவிட முடிந்தது. அதில் துப்பாக்கிக்கு எவ்வளவு பங்கோ, எல்லார் கண்ணிலும் படும்படி இருந்த குவியலுக்கும் அவ்வளவு பங்கு உண்டு என்றே நினைக்கிறேன்.

இதுவரை சொன்னதை வைத்து முத்துக்கரைதான் நியாயத்தின் உச்சம் என்று நினைத்துவிட வேண்டாம். கொட்டுக்கு முன்னும் பின்னும் நடந்ததைப் பார்க்க வேண்டும்.

முன்னால் நடந்தது மாதிரி எடுப்பது. தூத்துக்குடிக்கு எதிரே கடலடியில் முத்துச்சிப்பி விளையும் பாறைத் திட்டுகளைப் பார் என்பார்கள். தொள்ளாயிரம் பார் அவற்றில் பேர்பெற்றது. சலாபம் கூட்டுமுன் ஒரு பாரிலிருந்து சில ஆயிரம் சிப்பியை எடுத்து, அழுகவிட்டுக் கழுவி, கிடைத்த முத்தை மதிப்பிட்டு, ஆயிரம் சிப்பிக்கு இத்தனை ரூபாய் என்று கணக்குப் போடுவார்கள். அந்தக் கணக்குதான் அந்த வருடம் சலாபம் உண்டா இல்லையா என்பதைத் தீர்மானிக்கும். மதிப்பிடுபவர் யார்? முத்து மதிப்பிடத் தெரிந்தவர் முத்து வியாபாரி மட்டுமே. அடுத்த மாதம் அரசின் இரண்டு குவியலை ஏலத்தில் எடுக்கப்போகிறவரும் அவர் கூட்டத்தைச் சேர்ந்தவரே. குறைத்து மதிப்பிட்டால் ஏலம் மலிவாகப் போகும். ரொம்பவும் குறைத்தால் சலாபமே கூடாமல் போய்விடும். இரண்டு பக்கமும் இழுக்கும் கயிற்றில் நின்றுகொண்டு அவர் சொன்ன எண்ணை அரசு ஏற்றுக்கொண்டது, வேறு வழியில்லாததால். டைவிங் கூட்டமைப்பின் சிக்கலும் இதேதான். பாய்ச்சலைப் பார்த்துச் சொல்லத் தெரிந்தவர்கள் டைவிங் உலகத்திலிருந்துதான் வர முடியும். அவர்கள் ஒவ்வொருவருக்கும் ஒரு நாடு, ஒரு சங்கம், ஒரு பழைய சீடன் இருக்கத்தான் செய்வார்கள். விவரம் தெரிந்தவருக்குப் பாசம் இருக்கும், பாசமில்லாதவருக்கு விவரம் தெரியாது.

பின்னால் நடந்தது தரம் பிரிப்பது. இந்தக் கட்டத்தில் மட்டும் டைவிங்கையும் மிஞ்சிய நுட்பம் இருந்தது. பத்துப் பித்தளைச் சல்லடைகள், ஒவ்வொன்றிலும் துளைகளின் எண்ணிக்கைதான் அதன் பெயர்: 20, 30, 50, 80, 100, 200, 400, 600, 800, 1000. இருபது துளைச் சல்லடையில் தங்குவது பெரிய முத்து, ஆயிரத்திலும் தங்காமல் விழுவது தூள். அளவு பிரித்த பிறகு கண் வேலை ஆரம்பிக்கும். உருண்டை, ஒளி, நிறம் பார்த்து ஆணிமுத்து முதல் கீழே ஒன்றொன்றாகப் பெயர் வைத்துப் பிரிப்பார்கள். பிறகு மஞ்சாடி எடை. விலை எடைக்கு நேராக ஏறாது, எடையின் வர்க்கத்தில் ஏறும். எடை இரட்டித்தால் விலை நான்கு மடங்கு. சல்லடையும் தராசும் செய்ய முடிந்ததைக் கருவி செய்தது, முடியாததைக் கண்ணிடம் விட்டார்கள். கடினத்தன்மை எண் வாய்பாட்டிலும் அழகு நடுவர் கண்ணிலும் இருப்பதற்கு இது ஒப்பு. ஆனால் இந்தத் தரப் பிரிப்பு நடக்கும் மேசைக்கு முத்து வந்துசேரும்போது குளித்தவர் கதையிலிருந்து போயிருப்பார். தன் ஒரு குவியலை அவர் முகாம் வாசலிலேயே காலணா அரையணாவுக்குச் சில்லறையாக விற்றுவிட்டிருப்பார், கயிறு பிடித்தவருக்கும் படகுக்காரருக்கும் அதிலிருந்து கொடுத்தது போக.

அப்படியானால் அந்த ஒரு குவியலில் என்ன இருந்தது என்று கேட்க வேண்டும். ஒரு கல்லுக்கு இரண்டு பேர்; ஒருவர் இறங்க, மற்றவர் மூச்சு வாங்குவார். காலைக் கல்லில் ஊன்றி, கயிற்றைப் பிடித்து, ஐந்து முதல் பத்துப் பாகம் (இரு கையும் விரித்த நீளம் ஒரு பாகம்) ஆழத்துக்குப் போக வேண்டும். அரபுக் குளியாட்கள் மூக்குக்குக் கொம்பில் செய்த கவ்வி மாட்டுவார்கள். நம்மவர்கள் கையால் மூக்கைப் பிடித்துக்கொண்டே இறங்கினார்கள். அடியில் ஒரு நிமிடத்தை ஒட்டிய நேரம்தான், அதற்குள் கைக்கு அகப்படும் சிப்பியை வலைப்பையில் வாரிப் போட வேண்டும். கயிற்றை ஆட்டினால் மேலே இருப்பவர் இழுப்பார். ஒரு நாளில் இப்படிப் பல பத்துத் தடவை.

குவியல் எல்லாவற்றையும் ஒரே கணக்காக்கிவிட்டது. ஐந்து பாகத்தில் சிப்பி அடர்ந்த பாரில் எடுத்தவனுக்கும், பத்துப் பாகத்தில் நீரோட்டம் இழுக்க, மணலுக்கு நடுவே தேடித் தேடி எடுத்தவனுக்கும் ஒரே மூன்றில் ஒன்று. ஆழத்தில் எடுத்தவனின் குவியல் சின்னதாக இருக்கும். அவ்வளவுதான் அவனுக்கான பதில். டைவிங்கில் நூறு வருடமாகச் சண்டைபோட்டு வாய்பாடாக்கிய கடினத்தன்மை எண் இந்தக் கரையில் எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. மூன்று குவியலும் சமமா என்று எல்லாரும் உன்னிப்பாகப் பார்த்தார்கள். பெருக்கவேண்டிய எண் ஒன்று விட்டுப்போனதை யாரும் பார்க்கவில்லை. பங்கிடுவது நியாயமாக நடந்தது. எதைப் பங்கிடுவது, எவ்வளவு விகிதத்தில் என்பதை முடிவுசெய்த இடத்தில் குளித்தவருக்கு நாற்காலி இல்லை. பார்களின் நிலைமையைப் பார்த்துச் சொல்ல அடப்பனார் என்ற உள்ளூர்த் தலைவர்களைக் கடலுக்குக் கூட்டிப்போனார்கள். மூன்றில் ஒன்றா, இரண்டில் ஒன்றா என்று அவர்களிடம் கேட்டவர் யார்?

இது வெள்ளைக்காரன் காலத்தில் மட்டும் வந்த குறை என்று சொல்லிவிட முடியாது. கி.பி. முதல் நூற்றாண்டின் கிரேக்கப் பயண நூலான பெரிப்ளஸ், கொற்கையில் முத்துக் குளித்தவர்கள் தண்டனைக் கைதிகள் என்கிறது. கைதிக்குப் பங்கு என்ற பேச்சே எழாது. 13ஆம் நூற்றாண்டின் கடைசியில் வந்த மார்க்கோ போலோ, வியாபாரிகள் கூலி பேசிக் குளிப்பவர்களை ஏப்ரலிலிருந்து மே நடு வரைக்கும் அமர்த்துவதாக எழுதுகிறார். எடுத்ததில் பத்தில் ஒன்று அரசனுக்கு, இருபதில் ஒன்று சுறாவைக் கட்டும் மந்திரவாதிக்கு. இந்த மந்திரவாதியைப் பற்றி ஒரு வேடிக்கை சொல்கிறார்: பகலில் கட்டிய கட்டை இரவில் அவிழ்த்துவிடுவாராம், இரவில் யாரும் திருட்டுத்தனமாகக் குளித்துவிடக் கூடாது என்று. மந்திரம் பலித்ததோ இல்லையோ, காவல் பலித்திருக்கும். பிற்காலச் சலாபங்களிலும் கடல்கட்டி என்ற பெயரில் அவருக்குப் பங்கு தொடர்ந்தது. பரதவர் ஜாதித் தலைவருக்கு உரிமை, கோயிலுக்கு உரிமை, படகுக்காரருக்கு உரிமை. மூச்சுக்கு மட்டும் தனி உரிமை கிடையாது.

தூத்துக்குடிக் கரையில் கடைசியாக 1955 முதல் 1961 வரை முத்துக் குளித்தார்கள். அதற்குப் பிறகு பார்களில் சலாபம் கூட்டும் அளவுக்குச் சிப்பி சேரவில்லை. 1973-ல் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிறுவனத்தின் கே. அழகர்சாமி தூத்துக்குடி அருகே வேப்பலோடையில் சிப்பிக்குள் கரு வைத்து முத்து விளைவித்தார். முத்துக்கு இனி மூழ்க வேண்டியதில்லை.

சங்குக்கு இன்னும் மூழ்குகிறார்கள். முன்பு சங்கு குளிப்பது முழுக்க அரசின் ஏகபோகமாக இருந்தபோது வட்டத் துளை போட்ட அளவுப் பலகை உண்டு. உயிரோடு எடுத்த சங்கு துளையில் நுழைந்துவிட்டால் அது சின்னது, திரும்பக் கடலுக்குப் போக வேண்டும். தேறியது வங்காளத்து வளையலுக்குப் போகும். அந்தப் பலகை நல்ல நடுவர், யார் பக்கமும் சாயாதது. இப்போதும் திரேஸ்புரம் கரையில் சங்கு விலை பேசுவதைக் கொஞ்ச நேரம் நின்று பார்த்தவர்களுக்குத் தெரியும், விட்டத்தையும் எடையையும் பார்த்துத்தான் விலை. புழு அரித்திருக்கிறதா என்று திருப்பிப் பார்ப்பார்கள். எத்தனை பாகத்தில் எடுத்தது என்று யாரும் கேட்பதில்லை. கரைக்குப் பக்கத்தில் சங்கு குறையக் குறைய ஆழம் கூடுகிறது. கல்லுக்குப் பதில் படகில் கம்ப்ரஸர் ஓடுகிறது. குழாய்க் காற்றைச் சுவாசித்து நெடுநேரம் அடியில் இருந்துவிட்டுச் சட்டென்று மேலே ஏறினால் மூட்டு வலி, சில சமயம் கால் விழுந்துபோவது. அப்படிக் கால் விழுந்தவர் வீட்டில் ஒரு சங்கு எந்த ஆழத்தில் எடுத்தது என்பதற்கு எந்தத் தாளும் இருக்காது.

டைவிங் கூட்டமைப்புக்கு நான் சொல்வதற்கு எதுவும் இல்லை, அவர்களுக்கு வழி சொல்ல யேலில் ஆள் இருக்கிறார்கள். மீன்வளத் துறைக்கும் சங்கு குளிப்போர் சங்கங்களுக்கும் ஒரு வேண்டுகோள் உண்டு. சங்கு வாங்கும் ரசீதில் விட்டம், எடை, எண்ணிக்கை இருக்கிற இடத்துக்குப் பக்கத்தில் இன்னொரு கட்டம் போடுங்கள். எத்தனை பாகம் என்று அதில் எழுதுங்கள். விலையை அதனால் பெருக்க வேண்டுமா, காப்பீட்டுக்கு அதை வைத்துக்கொள்ள வேண்டுமா என்பதைப் பிறகு உட்கார்ந்து பேசலாம். பேச உட்காரும்போது குளித்தவருக்கும் ஒரு நாற்காலி போட்டுவையுங்கள்.